பாதிச் சர்க்கரை ஜாம்

வீட்டில் ஜாம் செய்து பாட்டிலில் அடைத்து விற்கிறவர்களிடம் வாங்க வருபவர்கள் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: சர்க்கரையைக் கொஞ்சம் குறைத்துப் போடக் கூடாதா? கேட்பவர்கள் மேல் குற்றமில்லை. ஒரு கிலோ கொய்யாக் கூழுக்கு ஒரு கிலோ சர்க்கரை என்று அளவைச் சொன்னால் யாருக்கும் பகீரென்றுதான் இருக்கும். வீட்டுக்கு ஒருவர் சர்க்கரை நோய்க்கு மாத்திரை விழுங்குகிற காலம் இது. ஆகவே செய்கிறவர்களும் இறங்கி வந்துவிடுகிறார்கள். அரைக் கிலோ போட்டுக் கிண்டி, ‘சர்க்கரை குறைவு, ரசாயனம் இல்லை’ என்று தாள் ஒட்டி விற்கிறார்கள். இந்தத் தொழிலில் கை பழகியவன் என்ற முறையில் நான் சொல்வது இதுதான்: பாதிச் சர்க்கரை ஜாம் என்று விற்பது ஒன்று பெயரளவில்தான் பாதி, கரண்டியில் எடுத்தால் ஏறக்குறைய முழுதுதான், இல்லாவிட்டால் அது ஜாமே அல்ல, சமைத்த பழக்கூழ். இரண்டுமே சாப்பிடத் தகுந்தவைதான். ஆனால் முதலாவதை உடம்புக்கு நல்லது என்று சொல்வதும், இரண்டாவதை ஜாமைப் போல அலமாரியில் அடுக்கி வைப்பதும் தவறு. இதற்கு அனுபவம்கூட வேண்டாம், தராசு போதும்.

ஆயக்குடிப் பக்கத்துக் கொய்யாவையே எடுத்துக்கொள்வோம். விதை நீக்கி வடித்த ஒரு கிலோ கூழில் கரைந்திருக்கும் திடப்பொருள், பெரும்பாலும் பழத்தின் சொந்தச் சர்க்கரை, சுமாராக 100 கிராம் இருக்கும். மிச்சத்தில் பெரும்பகுதி தண்ணீர். இதில் ஒரு கிலோ சர்க்கரை சேர்த்தால் சட்டியில் இருப்பது 2 கிலோ, அதில் கரைந்த திடப்பொருள் 1,100 கிராம். ஜாமில் நூற்றுக்கு 65 பங்காவது கரைந்த திடப்பொருள் இருக்க வேண்டும் என்பது நம் நாட்டு உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் விதி. ஐரோப்பிய நாடுகளில் 60. நம் விதிப்படி 65-க்கு வர வேண்டுமானால் சட்டியில் இருப்பது சுமார் 1,690 கிராமாகச் சுண்ட வேண்டும். அதாவது 310 கிராம் தண்ணீர் ஆவியானால் போதும். அகன்ற சட்டியாக இருந்தால் சர்க்கரை கரைந்ததிலிருந்து இருபது நிமிடத்துக்குள் வேலை முடிந்துவிடும்.

இப்போது சர்க்கரையைப் பாதியாக்குவோம். சட்டியில் ஒன்றரைக் கிலோ, அதில் திடப்பொருள் 600 கிராம். இதையும் அதே 65-க்குக் கொண்டுவர வேண்டுமானால் 920 கிராமாகச் சுண்ட வேண்டும். ஆவியாக வேண்டிய தண்ணீர் 580 கிராம். அவ்வளவு நேரம் அடுப்பில் நின்று கிண்டி இறக்கினால் கையில் கிடைப்பது என்ன? முழுச் சர்க்கரை ஜாமில் நாம் சேர்த்த சர்க்கரையின் பங்கு நூற்றுக்கு 59. பாதிச் சர்க்கரை ஜாமில் 54. ஒரு தேக்கரண்டி ஜாம் 7 கிராம் என்று வைத்தால் முன்னதில் சேர்த்த சர்க்கரை 4.1 கிராம், பின்னதில் 3.8 கிராம். பழத்தின் சொந்தச் சர்க்கரையையும் கூட்டினால் இந்த வித்தியாசமும் மறைந்துபோகும். இரண்டிலும் திடப்பொருள் அதே 65 தான். குறைந்தது ஜாமின் அளவு மட்டுமே. அதே ஒரு கிலோ பழத்தில் 1,690 கிராம் வர வேண்டிய இடத்தில் 920 கிராம் வந்திருக்கிறது, காஸ் இரண்டு மடங்கு எரிந்திருக்கிறது. விலையையும் இரண்டு மடங்கு வைத்தால்தான் கட்டும். அப்படி வைத்துத்தான் விற்கிறார்கள்.

இதில் ஒரு நியாயம் இருப்பதை ஒத்துக்கொள்ள வேண்டும். நீண்ட நேரம் சுண்டிய ஜாமில் பழத்தின் பங்கு அதிகம். கொய்யாவைப் பொறுத்தவரை அது ஏறக்குறைய அல்வாப் பதத்துக்குப் போய் நன்றாகவே இருக்கும். கோவாக்காரர்கள் கொய்யாவைக் கிண்டி வில்லை போடுவது இப்படித்தான். ஆனால் எல்லாப் பழமும் கொய்யா அல்ல. கொடைக்கானல் பிளம்ஸையோ ஸ்ட்ராபெரியையோ ஒரு மணி நேரம் அடுப்பில் வைத்தால் நிறம் செங்கல் பொடியாகி, வாசனை சமையலறையோடு போய்விடும். பழத்தைக் கெட்டியாகப் பிடித்து நிறுத்துகிற பெக்டினும் நீண்ட கொதியில் உடைந்துபோகும். புளிப்பு நிறைந்த பழமானால் இன்னும் சீக்கிரம் உடையும். ஆகவே அதிக நேரம் கிண்டினால் கெட்டியாகும் என்று நம்பிக் கிண்டுபவர்களுக்குக் கடைசியில் கிடைப்பது பிசுபிசுப்பான பாகு. அடுப்பில் இருக்கும் நேரத்தைச் சுருக்குவதற்குத்தான் சர்க்கரை இருக்கிறது என்றுகூடச் சொல்லலாம்.

நீண்ட நேரம் கிண்டப் பொறுமையில்லாதவர்கள்தான் அதிகம். அவர்கள் பாதிச் சர்க்கரை போட்டு, வழக்கமான நேரத்திலேயே இறக்கிவிடுகிறார்கள். அதே 310 கிராம் தண்ணீர் போயிருந்தால் சட்டியில் மிஞ்சுவது சுமார் 1,190 கிராம். திடப்பொருள் நூற்றுக்கு 50. பார்வைக்கு ஜாம் போலவே இருக்கும், ரொட்டியில் தடவவும் வரும். சிக்கல் கண்ணுக்குத் தெரியாத இடத்தில் இருக்கிறது. உணவில் எவ்வளவு தண்ணீர் இருக்கிறது என்பதைவிட, அதில் எவ்வளவு தண்ணீர் நுண்ணுயிர்களின் கைக்கு எட்டும்படி இருக்கிறது என்பதுதான் கெட்டுப்போவதைத் தீர்மானிக்கிறது. உணவியலார் இதை 0 முதல் 1 வரையான ஓர் அளவில் சொல்வார்கள். சுத்தமான தண்ணீர் 1. பெரும்பாலான பாக்டீரியாக்களுக்கு 0.90-க்கு மேல் வேண்டும், பெரும்பாலான ஈஸ்ட்டுகளுக்கு 0.88, பெரும்பாலான பூஞ்சைகளுக்கு 0.80. சர்க்கரை தண்ணீரைத் தன்னோடு இறுக்கிப் பிடித்துக்கொள்வதால் 65 பங்கில் நிற்கும் ஜாம் 0.85-ஐ ஒட்டியோ அதற்குக் கீழோ வந்துவிடுகிறது. 50 பங்கில் நிற்பது 0.90-க்கு மேலேயே தங்கிவிடுகிறது. அங்கே ஈஸ்ட் புளிக்க வைக்கும், பூஞ்சை படரும், மூடி உப்பும். மாவடுவில் உப்பைக் குறைத்தால் என்ன ஆகும் என்று நம் வீடுகளில் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. உப்பு அங்கே செய்கிற வேலையைத்தான் ஜாமில் சர்க்கரை செய்கிறது. உப்பை ருசிக்குப் போட்டதாக நினைத்து யாரும் ஊறுகாய் போடுவதில்லை. சர்க்கரையை மட்டும் ஏனோ ருசிக்கணக்கில் சேர்த்துவிட்டோம்.

வெறும் சர்க்கரை எல்லாவற்றையும் தடுத்துவிடும் என்று நான் சொல்லவில்லை. மேலே சொன்ன எண்களைப் பார்த்தாலே தெரியும், 0.80-இலும் அதற்குக் கீழேயும் வளரக்கூடிய பூஞ்சைகளும் சர்க்கரை விரும்பி ஈஸ்ட்டுகளும் இருக்கின்றன. அவற்றைத் தடுக்கப் புளிப்பும் மூடியும் வேண்டும். புளிப்புக்கு இரட்டை வேலை. பெக்டின் வலை பின்னி உறைவதற்கு அமிலநிலை (pH) ஏறத்தாழ 3-லிருந்து 3.3-க்குள் இருக்க வேண்டும், 3.5-ஐத் தாண்டினால் எவ்வளவு சர்க்கரை போட்டாலும் உறையாது, மிகவும் இறங்கினால் உறைந்தது தண்ணீர் கக்கும். அதோடு 4.6-க்குக் கீழே இருந்தால்தான் காற்றுப் புகாத பாட்டிலுக்குள் வளர்ந்து நஞ்சு கக்குகிற கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம் தலைதூக்காது. பிளம்ஸுக்கும் விளாம்பழத்துக்கும் கம்பம் பன்னீர் திராட்சைக்கும் சொந்தப் புளிப்பே போதும் அல்லது ஏறக்குறையப் போதும். பப்பாளி, வாழை, பலா இவற்றுக்கு எலுமிச்சைச் சாறோ சிட்ரிக் அமிலமோ சேர்க்காமல் பாட்டிலில் அடைப்பது ஆபத்து. கிலோவுக்கு 3 முதல் 5 கிராம் சிட்ரிக் அமிலம் என்பது புளிப்பில்லாத பழங்களுக்குப் பொதுவான அளவு. அதையும் முதலிலேயே கொட்டிவிடாமல் இறக்கப்போகும் தறுவாயில் சேர்ப்பது நல்லது, பெக்டின் உடைவது குறையும். அதற்காகப் புளிப்பே இல்லாமல் கொதிக்கவிட்டால் சர்க்கரை உடையாமல் அப்படியே நின்று, பாட்டிலின் அடியில் பின்னால் கற்கண்டாகக் கட்டிக்கொள்ளும். கொஞ்சம் புளிப்பு பழத்திலேயே இருந்து, மிச்சத்தைக் கடைசியில் சேர்ப்பதுதான் நடுவழி.

பெக்டினைப் பற்றியும் ஒரு வார்த்தை. கொய்யா, விளா, சற்றுப் புளித்த திராட்சை இவற்றில் தாராளம். அன்னாசி, பப்பாளி, ஸ்ட்ராபெரி, கனிந்த பேரி இவற்றில் போதாது. பழம் கனியக் கனியப் பெக்டின் குறைகிறது. ஆகவே மண்டியில் விலைபோகாமல் குழைந்துபோன பழத்தை ஜாமுக்கு என்று ஒதுக்குகிற வழக்கம் இரண்டு வகையில் தவறு: உறையவும் உறையாது, ஏற்கெனவே பூஞ்சை ஏறிய பழமாகவும் இருக்கும். கனிந்த பழம் முக்கால் பங்கும் செங்காய் கால் பங்கும் சேர்ந்தால் பெரும்பாலும் பெக்டின் பொடி வாங்கவே தேவையில்லை. கொதித்த பழச்சாற்றில் ஒரு கரண்டி எடுத்து, அதனோடு ஒன்றோ இரண்டோ கரண்டி ஸ்பிரிட் கலந்து சற்று நேரம் விட்டால், பெக்டின் நிறைந்திருந்தால் ஒரே கட்டியாகத் திரளும். குறைவாக இருந்தால் நூல் நூலாகச் சிதறும். பார்த்தபின் கொட்டிவிட வேண்டும், வாயில் வைக்கக் கூடாது.

இனி மறுப்புகளுக்கு வருகிறேன். முதல் மறுப்பு வெள்ளைச் சர்க்கரைக்குப் பதில் வெல்லம் என்பது. வெல்லமும் சர்க்கரைதான், உடம்புக்குள் போனபின் கணக்கு பெரிதாக மாறுவதில்லை. ஆனால் சட்டிக்குள் மாறுகிறது. கருப்பஞ்சாற்றைத் தெளியவைக்க ஆலையில் சுண்ணாம்பு சேர்ப்பார்கள். அதனால் வெல்லம் பழத்தின் புளிப்பைக் கொஞ்சம் முறித்துவிடும், உறைவது தளரும். வெல்லத்துக்கு வெல்லம் ஈரமும் அழுக்கும் வேறுபடுவதால் அளவும் நிற்காது. அப்படியானால் பழனிப் பஞ்சாமிர்தம் எப்படி நிற்கிறது என்று கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். பஞ்சாமிர்தம் ஒரு கூழாக நிற்கிறதே தவிர ஜாம் போல உறைவதில்லை, உறையவும் வேண்டாம். அதில் சேரும் விருப்பாச்சி மலைவாழையில் ஈரம் குறைவு. நாட்டுச் சர்க்கரை, கற்கண்டு, பேரீச்சம்பழம், தேன் எல்லாமே இனிப்புச் சரக்கு. தண்ணீர் ஒரு சொட்டுகூடச் சேர்ப்பதில்லை. ஆக, பஞ்சாமிர்தத்தைக் காப்பாற்றுவது வெல்லத்தின் மகிமை அல்ல, இனிப்பின் மிகுதியும் ஈரத்தின் குறைவும். அது என் பக்கத்துச் சாட்சிதான்.

இரண்டாவது, ஒரு சிட்டிகை சோடியம் பென்சோயேட் போட்டுவிட்டால் சர்க்கரையைக் குறைத்துக்கொள்ளலாமே என்பது. சட்டம் அனுமதிக்கிற அளவு மிகச் சிறியது. அந்த அளவில் அது நன்றாகச் செய்த ஜாமைத் திறந்தபின் சற்றுக் கூடுதல் காலம் காக்கும். தண்ணீர் மிகுந்த கூழுக்குக் காவல் நிற்க அதனால் ஆகாது. கண்ணளவில் போட்டால் வரம்பு எப்போது தாண்டியது என்று தெரியாது, ஒரு கிலோ கூழுக்கு மில்லிகிராம் கணக்கில் நிறுக்கும் தராசு வீட்டுச் சமையலறையில் இருப்பதில்லை. ‘ரசாயனம் இல்லை’ என்று தாள் ஒட்டுகிறவர்களுக்கு இந்த வழி அடைபட்டும்விட்டது. உண்மையில் ரசாயனம் சேர்க்காமல் விற்கிற உரிமையை அவர்களுக்குத் தந்ததே முழுச் சர்க்கரைதான்.

மூன்றாவது மறுப்பு சற்று வலுவானது: கடைகளில் சர்க்கரை சேர்க்காத ஜாம் என்று விற்கிறார்களே, அது மட்டும் எப்படி? அதில் இருக்கும் பெக்டினே வேறு. சர்க்கரை இல்லாமல் சுண்ணாம்புச்சத்தைப் பிடித்துக்கொண்டு உறைகிற வகை அது. இனிப்புக்கு வேறு பொருள், பாதுகாப்புக்கு அனுமதிக்கப்பட்ட சேர்ப்பு, அடைத்தபின் வெப்பமூட்டல், திறந்தபின் ஃபிரிட்ஜில் வைக்கச் சொல்லித் தாளில் எச்சரிக்கை என எல்லாம் சேர்ந்துதான் அது நிற்கிறது. சர்க்கரை ஒன்றே செய்த வேலைகளுக்குத் தனித்தனி ஆள் போட்டிருக்கிறார்கள். அப்படிச் செய்ய வசதியுள்ளவர்கள் தாராளமாகச் செய்யட்டும். எந்த வேலைக்கும் ஆள் போடாமல் சர்க்கரையை மட்டும் வெளியே அனுப்புவதைத்தான் நான் ஆட்சேபிக்கிறேன்.

ஃபிரிட்ஜில் வைத்துச் சாப்பிடுகிறோம், உனக்கென்ன என்று கேட்பவர்களோடு எனக்குச் சண்டையே இல்லை. பாதிச் சர்க்கரையில் கொஞ்சமாகச் செய்து, சுத்தமான கரண்டியால் எடுத்து, இரண்டு மூன்று வாரத்துக்குள் தீர்த்துவிடுகிற வீட்டுக்கு அதுவே நல்ல உணவு. ஆனால் விற்கிற பாட்டில் நம் வீட்டு ஃபிரிட்ஜிலிருந்து வாங்குபவர் ஃபிரிட்ஜுக்குத் தாவிப் போவதில்லை. இடையில் பஸ் இருக்கிறது, வத்தலக்குண்டு வெயில் இருக்கிறது, கடைக்காரரின் அலமாரி இருக்கிறது. அத்தனையையும் தாங்கத்தானே அதைப் பாட்டிலில் அடைக்கிறோம்.

பாட்டிலில் அடைப்பதிலும் சர்க்கரையின் பங்கு தெரியாமல் செய்கிற பிழைகள்தான் அதிகம். ஜாமை ஆறவிடலாம் என்று விட்டு, வெதுவெதுப்பாக இருக்கும்போது நிரப்பி மூடுகிறார்கள். உள்ளே எழும் ஆவி மூடியில் முத்து முத்தாகப் பூத்து, சொட்டாக ஜாமின் மேல் விழுகிறது. விழுந்த இடத்தில் மேல்பரப்பு நீர்த்துப்போகிறது. உள்ளே 65 பங்கு இருந்தாலும் அந்த மெல்லிய மேல்படலத்தில் அவ்வளவு இல்லை. பூஞ்சை முதல் வட்டத்தைப் போடுவது அங்கேதான். முழுச் சர்க்கரை போட்டும் பூஞ்சை பிடித்தது என்று புலம்புகிற பலருடைய பாட்டில்களில் நடந்திருப்பது இதுவாகத்தான் இருக்கும். கொதிநீரில் கிடந்த சூடான பாட்டிலில், 85 டிகிரிக்குக் குறையாத சூட்டில், விளிம்புக்குக் கீழே கால் அங்குலம் விட்டு நிரப்பி, வாயைத் துடைத்து, உள்பக்கம் ரப்பர்ப் பூச்சுள்ள புது மூடியால் உடனே மூட வேண்டும். மூடியபின் பாட்டிலைக் கவிழ்த்து வைப்பது நம் சிறுதொழில்களில் வழக்கம். அது மூடியின் உள்பக்கத்தைச் சுடவைக்கும், அவ்வளவுதான். அதைவிட, மூடிய பாட்டிலைக் கொதிநீரில் முழுக வைத்து எடுப்பது உறுதியான முறை. சுத்தப்படுத்திய சிறு பாட்டில்களுக்கு, ஆயிரம் அடி உயரம் வரை 5 நிமிடம், அதற்கு மேல் 10, ஆறாயிரம் அடிக்கு மேல் 15 என்பது அமெரிக்க வேளாண் துறையின் கணக்கு. ஆறியபின் மூடியின் நடு உள்வாங்கி இருக்க வேண்டும். அமுக்கினால் ‘டக்’ என்று மேலெழும்பினால் அந்தப் பாட்டில் வீட்டுக்கு, விற்பனைக்கு அல்ல.

உயரத்தைப் பற்றிச் சொன்னதால், பதம் பார்ப்பதில் மலைக்காரர்களுக்கு இருக்கும் ஒரு தொல்லையையும் சொல்லிவிடுகிறேன். எல்லாச் செய்முறைப் புத்தகங்களிலும் 105 டிகிரியில் இறக்கு என்று இருக்கும். சென்னையில் அது சரி. தண்ணீர் கொதிக்கும் சூட்டுக்கு மேல் நாலரை அல்லது ஐந்து டிகிரி என்பதுதான் அதன் பொருள். கொடைக்கானலில் ஏழாயிரம் அடி உயரத்தில் தண்ணீரே 93 டிகிரியில் கொதித்துவிடுகிறது. அங்கே ஜாம் 98-க்குள் தயாராகிவிடும். 105 வரும்வரை காத்திருந்தால் சட்டியில் இருப்பது மிட்டாய்ப் பாகு. குளிர்ந்த தட்டில் ஒரு சொட்டு விட்டு விரலால் தள்ளிப் பார்ப்பது, கரண்டியிலிருந்து தகடாக விழுகிறதா என்று பார்ப்பது இரண்டும் உறைந்ததா என்பதைச் சொல்லும், சர்க்கரை எவ்வளவு என்பதைச் சொல்லாது. பெக்டின் நிறைந்த கொய்யா 55 பங்கிலேயே உறைந்தது போல ஏமாற்றும். ஆகவே நான் நம்புவது எடையை. வெறும் சட்டியைக் கரண்டியோடு முதலிலேயே நிறுத்துக் குறித்துக்கொண்டு, கடைசியில் அப்படியே தராசில் ஏற்றினால், ஒரு கிலோ கூழும் ஒரு கிலோ சர்க்கரையும் 1.7 கிலோவுக்கு வந்ததா என்று தெரிந்துவிடும். மலையானாலும் கடற்கரையானாலும் எடை மாறாது. கரைந்த திடப்பொருளின் பங்கைக் காட்டும் பிரிக்ஸ் மீட்டர் வாங்க முடிந்தவர்கள் வாங்கிக்கொள்ளலாம். விற்பனைக்குச் செய்கிறவர்கள் வாங்கித்தான் ஆக வேண்டும் என்பது என் கட்சி.

சர்க்கரை நோயாளிக்கு என்ன பதில் என்று கடைசியாகக் கேட்பார்கள். அவருக்கு ஜாம் வேண்டாம், பழமே போதும் என்பதுதான் நேர்மையான பதில். மற்றவர்களுக்கு, ஒரு தேக்கரண்டி ஜாமில் இருப்பது காபியில் போடும் ஒரு தேக்கரண்டிச் சர்க்கரை அளவுதான். குறைக்க வேண்டுமானால் ரொட்டியில் தடவும்போது குறைத்துக்கொள்ளலாம், சட்டியில் அல்ல. பாதிச் சர்க்கரையில்தான் செய்வேன் என்கிற சக தொழில்காரர்களிடம் ஒரு வேண்டுகோள்: 65-க்குச் சுண்டாததை ஜாம் என்று எழுதாதீர்கள். பழக்கூழ் என்றே எழுதி, செய்த தேதியைப் போட்டு, ஃபிரிட்ஜில் வைத்து மூன்று வாரத்துக்குள் சாப்பிடவும் என்று பாட்டிலின் முன்பக்கத்திலேயே பெரிய எழுத்தில் அச்சிடுங்கள்.